குடியையும் போதையையும் விட்டவர்கள், விட நினைப்பவர்கள்: டர்பன் தமிழர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தென்னாப்பிரிக்காவில் டர்பனையும் அதன் சுற்றுப்புறத்தையும் சேர்ந்த சாட்ஸ்வர்த், ஃபீனிக்ஸ், மெரேபேங்க், வெருலம், டோங்காட் பக்கத்து வீடுகளிலிருந்து வரும் கேள்விகள் இவை. கோயில் மண்டபத்தில் மாலை வேளையில் நாங்கள் கூடும்போது சிலர் எல்லார் முன்னாலும் கேட்பார்கள். பலர் கூட்டம் கலைந்த பிறகு காரடியில் நின்று கேட்பார்கள். பெரியவர்கள் தமிழில் கேட்பதையே இளையவர்கள் இங்கிலீஷில் கேட்பார்கள். பதில் சொல்லும் நாங்கள் டாக்டர்கள் இல்லை. குடித்து நிறுத்தியவர்களும், குடித்தவர்களோடு குடித்தனம் நடத்தியவர்களும்தான். மருந்து பற்றிச் சொன்னதையெல்லாம் உங்கள் டாக்டரிடமும் ஒரு தடவை கேட்டுக்கொள்ளுங்கள்.

புரட்டாசி முழுக்க நான் ஒரு சொட்டுக்கூடத் தொடுவதில்லை. அப்படியென்றால் நான் குடிக்கு அடிமை இல்லைதானே?

செப்டம்பர் பிறந்தாலே இந்தக் கேள்வி வந்துவிடும். இங்கே நம்மில் பல வீடுகளில் புரட்டாசி என்றால் கறி, மீன், முட்டை, குடி எதுவும் கிடையாது. அதைக் குறைத்துப் பேச நாங்கள் வரவில்லை. ஆனால் விரதத்துக்கு ஒரு கடைசி நாள் உண்டு. அந்த நாளை எண்ணிக்கொண்டே இருந்தீர்களா, இல்லையா? அக்டோபர் நடுவில் விரதம் முடிந்த அன்றைக்கே கறி சுடுகிற ப்ராய் அடுப்பைப் பற்றவைத்து, கூலர் பாக்ஸை நிரப்பி வைக்கிற வீடுகள் நமக்குத் தெரியும். அப்புறம் தீபாவளி, அப்புறம் டிசம்பர் லீவு. ஒரு மாதம் விட்டதை மூன்று மாதத்தில் வட்டியும் முதலுமாகக் குடித்துத் தீர்ப்பவர்கள் உண்டு.

எத்தனை நாள் நிறுத்த முடிகிறது என்பதை மட்டும் வைத்து டாக்டர்கள் முடிவு செய்வதில்லை. ஆரம்பித்தால் நினைத்த இடத்தில் நிறுத்த முடிகிறதா? அதே கிறக்கத்துக்கு முன்பைவிடக் கூடுதலாக வேண்டியிருக்கிறதா? வீட்டிலும் வேலையிலும் கேடு வந்தது தெரிந்தும் தொடர்கிறீர்களா? இதையெல்லாம் சேர்த்துப் பார்ப்பார்கள். புரட்டாசியின் முதல் மூன்று நாளும் தூக்கம் வராமல், வேர்த்துக் கொட்டி, டீ டம்ளர் கையில் ஆடியது என்றால் உடம்பு குடிக்குப் பழகிவிட்டது என்று அர்த்தம்.

இதில் நல்ல பக்கமும் உண்டு. அந்த ஒரு மாதம் உங்களைத் தாங்கியது எது என்று யோசித்துப் பாருங்கள். வீட்டில் எல்லாரும் சேர்ந்தே இருந்தார்கள். ஃபிரிட்ஜில் பீர் இல்லை. "புரட்டாசி" என்று ஒரு வார்த்தை சொன்னதும் யாரும் வற்புறுத்தவில்லை. நம்முடைய மனவலிமை என்று நாம் நினைத்துக்கொள்வதில் பெரும்பகுதி இந்த ஏற்பாடுதான். மீதிப் பதினோரு மாதத்துக்கும் அப்படி ஓர் ஏற்பாட்டைச் செய்துகொள்ள முடியுமா என்பதுதான் எங்கள் கூட்டத்தில் திரும்பத் திரும்பப் பேசுகிற விஷயம்.

சரி, இன்று ராத்திரியோடு நிறுத்திவிடுகிறேன். ஆபத்து ஒன்றும் இல்லையே?

எப்போதாவது குடிப்பவர் என்றால் இல்லை. தினமும் நிறையக் குடிப்பவர் என்றால் உண்டு, அதுவும் உயிர் போகிற ஆபத்து. கடைசிக் குடிக்குப் பிறகு ஆறு மணி நேரத்திலிருந்து ஒரு நாளுக்குள் நடுக்கம், வேர்வை, வாந்தி, படபடப்பு தொடங்கும். முதல் இரண்டு நாளுக்குள் வலிப்பு வரலாம். இரண்டாம் நாளிலிருந்து நான்காம் நாளுக்குள் சிலருக்குச் சித்தம் கலங்கிப்போகும். காய்ச்சல் அடிக்கும், இல்லாதது கண்ணுக்குத் தெரியும். டெலிரியம் ட்ரெமென்ஸ் என்பது இதுதான். முன்பு நிறுத்தியபோது ஒரு தடவை வலிப்பு வந்தவருக்கு அடுத்த தடவை இன்னும் கடுமையாக வரலாம்.

2020 ஊரடங்கில் இதைக் கண்ணால் பார்த்தோம். மார்ச் 27 முதல் மே கடைசிவரை தென்னாப்பிரிக்கா முழுக்க மது விற்பனைக்குத் தடை. அன்னாசிப்பழ பீர் காய்ச்சக் கற்றுக்கொண்டவர்கள் தப்பித்தார்கள் (அன்னாசி விலை ஏறியது நினைவிருக்கும்). எங்கள் தெருவில் ஒரு தாத்தாவுக்கு அந்தச் சாமர்த்தியமும் இல்லை. மூன்றாம் நாள் சட்டை முழுக்க எறும்பு ஊர்கிறது என்று தட்டிக்கொண்டே இருந்தார். செத்துப்போன தம்பியைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். வீட்டில் பேய் பிடித்துவிட்டது என்று திருநீறு பூசினார்கள். பக்கத்து வீட்டு நர்ஸ் அக்கா எட்டிப் பார்த்ததால் அவர் பிழைத்தார்.

அதனால், தினமும் குடிப்பவர் நிறுத்துவதற்கு முன்னால் கிளினிக்குக்கோ டாக்டரிடமோ போய் உண்மையான அளவைச் சொல்லுங்கள். டயாசெபாம் வகை மருந்தைக் கொடுத்து நாளுக்கு நாள் குறைப்பார்கள். தயமின் என்கிற பி1 வைட்டமினும் கொடுப்பார்கள், அது தீர்ந்துபோனால் மூளை கெடும். மருந்தை நீங்களே கடையில் வாங்கிப் போட்டுக்கொள்ள வேண்டாம். வலிப்போ குழப்பமோ வந்தால் காத்திருக்காதீர்கள்: ஆம்புலன்ஸ் 10177, செல்போனிலிருந்து 112.

என் மகன் சுகர்ஸ் போடுகிறான். ஒரு வாரம் அறையில் அடைத்துவைத்தால் சரியாகிவிடுமா?

சுகர்ஸ் என்பது மட்டமான ஹெராயினோடு கையில் கிடைத்ததையெல்லாம் கலந்து விற்பது. 2000களின் நடுவில் சாட்ஸ்வர்த்தில் பரவியது. இதன் பங்காளிகளுக்கு வேறு இடங்களில் வூங்கா என்றும் நியாவோபே என்றும் பெயர். விற்பவன் என்ன கதை சொன்னாலும் உங்கள் மகன் உடம்பு பழகியிருப்பது ஹெராயினுக்கு.

நிறுத்தினால் எட்டுப் பன்னிரண்டு மணி நேரத்தில் கொட்டாவி, மூக்கொழுகல், வயிற்றுப் பிடிப்பு, எலும்பைத் திருகுகிற வலி தொடங்கும். பையன்கள் இதை அரோஸ்டா என்பார்கள். இரண்டு மூன்று நாளில் உச்சிக்குப் போய், ஒரு வாரம் போல் ஆனதும் அடங்கும். குடியை நிறுத்துவதுபோல் இது பெரும்பாலும் உயிரை எடுக்காது, ஆனால் வாந்தியிலும் பேதியிலும் உடம்பில் தண்ணீர் வற்றிப்போனால் ஆபத்துதான். அடைத்துவைத்து இந்த ஒரு வாரத்தைக் கடத்திவிடலாம் என்றுதான் அம்மாமார் நினைக்கிறார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது. குழாய், கேட் மோட்டார், கடைசியில் தாலிக்கொடி என்று ஒவ்வொன்றாக வீட்டைவிட்டுப் போனதைப் பார்த்தவர்கள்.

ஆனால் நிஜமான ஆபத்து கதவைத் திறந்த பிறகுதான். சில நாள் நிறுத்தியதும் உடம்பின் தாங்குசக்தி இறங்கிவிடும். பழைய அளவை மறுபடி போட்டால் மூச்சு நின்றுவிடும். மறுவாழ்வு மையத்திலிருந்தோ ஜெயிலிலிருந்தோ வந்த முதல் சில வாரங்களில் இளம்பிள்ளைகள் சாவதற்குக் காரணம் இதுதான். மகனிடம் இதை நேராகச் சொல்லுங்கள். சொன்னால் நாமே வழிகாட்டிய மாதிரி ஆகிவிடும் என்று பயப்படாதீர்கள்.

மெத்தடோன், புப்ரெனார்ஃபின் என்று இரண்டு மருந்துகள் உண்டு. உலக சுகாதார நிறுவனம் 2005இல் இவற்றை அத்தியாவசிய மருந்துப் பட்டியலில் சேர்த்தது. தினம் அளவோடு எடுத்துக்கொண்டால் நோவும் தவிப்பும் அடங்கும், கிறக்கம் இல்லாமல் வேலைக்குப் போகலாம், சாவும் குறைகிறது. டர்பனில் பெல்ஹேவன் மையம் 2020 முதல் இந்த வழியில் வேலை செய்கிறது. நம் நாட்டில் இது எல்லா இடத்திலும் கிடைப்பதில்லை என்பதுதான் வருத்தம். "ஒரு போதைக்குப் பதில் இன்னொரு போதை" என்று சித்தப்பா பெரியப்பாக்கள் சொல்வார்கள். மகன் உயிரோடு இருந்து, ராத்திரி வீட்டுக்கு வந்து சாப்பிட்டுப் படுக்கிறான் என்றால் அவர்கள் பேசிவிட்டுப் போகட்டும்.

அவன் வரமாட்டேன் என்கிறான். கட்டாயப்படுத்திச் சேர்க்க முடியுமா?

சட்டம் இருக்கிறது. போதைப் பழக்கத் தடுப்பு, சிகிச்சைக்கான 2008ஆம் ஆண்டின் 70ஆம் எண் சட்டப்படி, நெருங்கியவரோ சமூகப் பணியாளரோ சமூகத் தலைவரோ சத்தியப் பிரமாண வாக்குமூலம் எழுதிக் கொடுக்கலாம். அரசு வழக்கறிஞர் வழியாக அது மாஜிஸ்திரேட்டிடம் போகும். தனக்கோ குடும்பத்துக்கோ ஆபத்தாக இருக்கிறான், பழக்கத்துக்காகக் குற்றம் செய்கிறான் என்பது போன்ற காரணம் நிரூபணமானால் 12 மாதத்துக்கு மிகாமல் சிகிச்சை மையத்துக்கு அனுப்பலாம். முதல் படியாக உங்கள் பகுதி சமூகப் பணியாளரைப் பாருங்கள். இதைக் கடைசி வழியாக வைத்துக்கொள்ளுங்கள் என்பது எங்கள் அபிப்பிராயம். போலீஸ் வேனில் ஏறிப் போனவன் திரும்பி வரும்போது வீட்டில் யாரிடம் பேசுவான் என்பதையும் யோசிக்க வேண்டும்.

எங்கே போவது? எவ்வளவு செலவாகும்?

முதல் போன்: 0800 12 13 14. சமூக மேம்பாட்டுத் துறையின் போதைப் பழக்க உதவி எண். காசு கிடையாது, 24 மணி நேரமும் உண்டு. சான்கா என்று நாம் சொல்லும், குடி மற்றும் போதைப் பழக்கத்துக்கான தேசியக் கவுன்சில் 1956 முதல் இருக்கிறது, டர்பனிலும் அதன் மையம் உண்டு. குடியை விட்டவர்களும் விட நினைப்பவர்களும் கூடுகிற ஆல்கஹாலிக்ஸ் அனானிமஸ், அதாவது ஏஏ, இந்த நாட்டுக்கு 1946இல் வந்தது. போதைப் பொருளுக்கு என்ஏ (நார்கோட்டிக்ஸ் அனானிமஸ்), குடும்பத்தாருக்கு ஆல்-அனான். இந்தக் கூட்டங்களுக்குக் கட்டணம் கிடையாது. முடிந்தவர்கள் டீச் செலவுக்குச் சில்லறை போடுவார்கள்.

மெடிக்கல் எய்ட் (மாதச் சந்தா கட்டும் மருத்துவக் காப்பீடு) இருந்தால், குடி மற்றும் போதைச் சார்பு சட்டப்படியான குறைந்தபட்சச் சலுகைகளில் வருகிறது. வருடத்துக்கு மூன்று வாரம்வரை உள்நோயாளிச் சிகிச்சைக்குக் கேளுங்கள். எந்த இடம் என்பதை உங்கள் திட்டத்தார் சொல்வார்கள்.

ஓர் எச்சரிக்கை. மறுவாழ்வு மையங்கள் அரசிடம் பதிவு செய்திருக்க வேண்டும். ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்து, பையன்களைப் பூட்டிவைத்து, அடித்து, மாதா மாதம் பணம் கறக்கும் இடங்களும் உண்டு. பதிவுச் சான்றிதழைக் காட்டச் சொல்லுங்கள். டாக்டரோ நர்ஸோ வருகிறார்களா, வாரம் ஒரு தடவையாவது மகனோடு தனியாகப் பேச விடுவார்களா என்று கேளுங்கள். இழுத்தடித்தால் வண்டியைத் திருப்பிக்கொண்டு வந்துவிடுங்கள்.

வேலை போய்விடுமே?

குடிப் பிரச்சினையை இயலாமையாகப் பார்த்து, ஆலோசனைக்கும் மறுவாழ்வுக்கும் முதலாளி இடம் கொடுப்பதைப் பரிசீலிக்க வேண்டும் என்பது இந்த நாட்டுத் தொழிலாளர் சட்டத்தின் வழிகாட்டு நெறி. ஆனால் லாரி ஓட்டிக்கொண்டிருக்கும்போது ஊதிக் காட்டிப் பிடிபட்ட பிறகு கேட்பதும், அதற்கு முன்னால் நீங்களே போய்ச் சொல்லிக் கேட்பதும் ஒன்றாகாது. முன்னால் போங்கள். யூனியன்காரரைக் கூட அழைத்துப் போங்கள்.

சாயங்காலம் ஐந்து மணி ஆனால் கால் தானாகப் பாட்டில் ஸ்டோர், அதாவது மதுக்கடை, பக்கம் போகிறது. அந்த நேரத்தை எப்படிக் கடப்பது?

வேறு வழியாக வீட்டுக்குப் போங்கள். சிரிக்காதீர்கள், நிஜமாகவே சொல்கிறோம். ஆசை எப்போதும் ஒரே உயரத்தில் நிற்பதில்லை. ஏறும், பெரும்பாலும் இருபது முப்பது நிமிடத்தில் இறங்கும். அந்த நேரத்தை வேறு எதையாவது வைத்து நிரப்ப வேண்டும், அவ்வளவுதான்.

பசி, கோபம், தனிமை, களைப்பு: இந்த நாலில் ஒன்று பின்னால் நிற்கிறதா என்று பாருங்கள். எங்களில் பலருக்குப் பசிதான். வேலை முடிந்து வெறும் வயிற்றோடு வருகிறவர் மூளை, சாப்பாட்டைக் கேட்காமல் பிராந்தியைக் கேட்கும். ஒருவர் தினமும் மூன்றரை மணிக்கே இரண்டு ரொட்டியும் உருளைக்கிழங்குக் கறியும் சாப்பிட்டுவிடுவார். அவர் மனைவி காலையில் கட்டிக்கொடுப்பது. ஐந்து மணிக்கு வயிறு நிறைந்திருக்கும். இன்னொருவர் சம்பளம் மனைவியின் கணக்குக்குப் போகிறது, கையில் டாக்ஸி காசு மட்டும். இன்னொருவர் மட்டன் சாப்ஸ் சமைப்பதையே கொஞ்ச காலம் விட்டுவிட்டார். அந்த வாசனை வந்தால் கேன் என்கிற கரும்புச் சாராயமும் கோக்கும் நினைவுக்கு வருகிறதாம்.

போனில் மூன்று பெயராவது வையுங்கள். ஆசை வந்ததும் கூப்பிட்டு, "ஒண்ணும் இல்ல, சும்மாதான் கூப்பிட்டேன்" என்றாலும் எதிர்முனையில் இருப்பவருக்குப் புரியும்.

கல்யாண வீட்டுக்குப் போய்க் குடிக்காமல் வர முடியுமா?

மண்டபத்துக்குள் குடி கிடையாது. அதனால் கார் பார்க்கிங்தான் பார். டிக்கி திறந்திருக்கும். உள்ளே ஐஸ் போட்ட கூலர் பாக்ஸ், இரண்டு லிட்டர் கோக், பிராந்தி அல்லது கேன், பிளாஸ்டிக் டம்ளர் அடுக்கு, அலுமினியத் தாளில் சுற்றிய சாப்ஸ். தாலி கட்டும் நேரத்தில்கூட நாலு மாமாக்கள் அங்கேதான் நிற்பார்கள். உங்களைப் பார்த்ததும், "டேய், ஒண்ணே ஒண்ணு. என் பொண்ணு கல்யாணம்டா!"

முதல் ஆறு மாதம் கல்யாணத்துக்கே போகாவிட்டாலும் குற்றம் இல்லை. மொய்யைத் தங்கச்சியிடம் கொடுத்தனுப்புங்கள். போவதென்றால் முன்கூட்டி வேலை ஒன்றை வாங்கிக்கொள்ளுங்கள். பந்தியில் பரிமாறுகிறவன் கையில் வாளி இருக்கும், யாரும் அதை வாங்கி வைத்துவிட்டு டம்ளரைத் திணிக்கமாட்டார்கள். சொந்த வண்டியில் போய், கேட்டுக்குப் பக்கத்தில் நிறுத்துங்கள். பின்னால் நாலு கார் மறித்து நின்றால் நீங்கள் பார்க்கிங்கிலேயே மாட்டிக்கொள்வீர்கள். சாப்பாடு முடிந்ததும் கிளம்பிவிடுங்கள், அப்புறம் நடப்பது எல்லாக் கல்யாணத்திலும் ஒரே மாதிரிதான்.

மாமாவுக்கு என்ன பதில்? "மாத்திரை சாப்பிடுறேன் மாமா" என்றால் அன்றைக்குத் தப்பிக்கலாம். அடுத்த கல்யாணத்தில் "மாத்திரை முடிஞ்சுதா?" என்று கேட்பார். "நிறுத்திட்டேன் மாமா" என்று ஒரு தடவை சொல்லிவிட்டால் இரண்டு கல்யாணம்வரை கிண்டல் இருக்கும். மூன்றாவதில் யாராவது ஒருத்தர் தனியாக வந்து, "எப்படிடா விட்ட?" என்று மெல்லக் கேட்பார். இதை நாங்கள் பல தடவை பார்த்தாகிவிட்டது. பெரும்பாலும் சத்தமாகக் கிண்டல் செய்த மாமாதான் வருவார்.

முனீஸ்வரன் பூசையிலும் அப்பாவின் படையலிலும் சாராயம் வைப்பது வழக்கம். நான் என்ன செய்ய?

சாமி விஷயத்தில் தீர்ப்புச் சொல்ல நாங்கள் ஆளில்லை. குடும்பத்துப் பெரியவரிடம் கேளுங்கள். இளநீரும் சுருட்டும் வைத்துப் பூசையை முடிக்கிற வீடுகளும் இருக்கின்றன, முனீஸ்வரன் அவர்களை ஒன்றும் செய்துவிடவில்லை. வைத்துத்தான் ஆகவேண்டும் என்றால், நீங்கள் வாங்கப் போகாதீர்கள், நீங்கள் ஊற்றாதீர்கள். வைத்ததை அன்றைக்கே மரத்தடியில் ஊற்றிவிடச் சொல்லுங்கள். பூசை முடிந்து சமையலறை மேடையில் நிற்கும் பாதிப் பாட்டில்தான் ஆபத்து. பிரசாதம் என்று ஒரு மூடி குடித்து, அதிலிருந்து பழையபடி ஆனவர்கள் உண்டு.

அப்பா படையலைப் பற்றி எங்கள் எண்ணத்தைச் சொல்லிவிடுகிறோம். ஈரல் கெட்டுச் செத்தவருக்கு 16ஆம் நாள் காரியத்திலும் வருஷாவருஷமும் அதே பிராந்தியை வைப்பது எங்களுக்கு ஒப்பவில்லை. அவருக்குப் பிடித்தது அது ஒன்றுதானா? நண்டுக் கறி பிடிக்காதா?

வெளியில் தெரிந்தால் குடும்ப மானம் போய்விடும் என்று அம்மா அழுகிறார்.

அம்மாவின் அழுகைக்கும் காரணம் இருக்கிறது. 1860க்கும் 1911க்கும் இடையில் கரும்புத் தோட்டத்துக் கூலியாக வந்தவர்களின் பேரப் பிள்ளைகள் நாம். அந்தப் பாட்டன்மார் கோயில் கட்டினார்கள், பள்ளிக்கூடம் கட்டினார்கள். அப்புறம் இனவாரியாகக் குடியிருப்பைப் பிரித்த குரூப் ஏரியாஸ் சட்டம் வந்து வீட்டைப் பிடுங்கி சாட்ஸ்வர்த்தில் கொண்டுவந்து விட்டது. அங்கேயும் மறுபடி எழுந்தார்கள். "நாங்கள் எழுந்து வந்த குடும்பம்" என்பது வெறும் பகட்டு இல்லை, உழைத்துச் சேர்த்த பெருமை. அதில் குடிகார மகனுக்கு இடம் எங்கே என்றுதான் அம்மா தவிக்கிறார்.

ஆனால் யாருக்குத் தெரியாது? சொல்லுங்கள் பார்ப்போம். நடு ராத்திரியில் கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றபோது எதிர் வீட்டு விளக்கு எரிந்தது. தெருமுனை ஸ்பாசா பெட்டிக்கடையில் கடன் ஏறியிருக்கிறது. தெரு முழுக்கத் தெரிந்த ஒன்றை வீட்டுக்குள் மட்டும் ரகசியமாக வைத்திருக்கிறீர்கள். ரகசியம் இருக்கும்வரை குடிக்கத்தான் வசதி. கேட்க ஆளிருக்காது, தாங்கவும் ஆளிருக்காது.

ஊருக்கெல்லாம் சொல்ல வேண்டாம். முதலில் ஒரே ஓர் ஆளிடம் சொல்லுங்கள். பெரும்பாலும் அது அக்காவாகவோ, பெரியம்மா மகனாகவோ, பழைய வாத்தியாராகவோ இருக்கும். உபதேசம் செய்யாமல் கேட்கக்கூடிய ஆளாக இருந்தால் போதும். தைரியம் வந்ததும் சொல்லிக்கொள்ளலாம் என்று காத்திருப்பவர்களைப் பார்த்திருக்கிறோம், வருஷக்கணக்கில் காத்திருக்கிறார்கள். சொன்ன மறுநாள் காலையில்தான் கொஞ்சம் தைரியம் வந்தது என்று எங்கள் கூட்டத்தில் பலர் சொல்லக் கேட்டிருக்கிறோம்.

இவ்வளவு நாள் இருந்துவிட்டு நேற்று மறுபடி குடித்துவிட்டேன். எல்லாம் போச்சா?

போகவில்லை. குடிக்காமல் இருந்த நாட்களில் ஈரல் ஆறியது, பிள்ளைகள் பயமில்லாமல் தூங்கினார்கள். நேற்றைய குடி அதையெல்லாம் அழித்துவிடாது. வழுக்குவது இந்த நோயில் சகஜம். சர்க்கரை, ரத்த அழுத்தம் உள்ளவர்களும் பத்தியத்தை விட்டுவிட்டுத் திரும்பவும் பிடிக்கத்தான் செய்கிறார்கள்.

ஆபத்தானது அடுத்த நினைப்புதான்: "எப்படியும் கெட்டாச்சு, இந்த வாரம் முடியட்டும்." இன்றைக்கே யாரையாவது கூப்பிடுங்கள். அப்புறம் நிதானமாகப் பின்னோக்கிப் பாருங்கள். குடித்தது நேற்றுதான், ஆனால் கூட்டத்துக்கு வராமல் நின்றது எப்போது? பழைய கூட்டாளிக்கு வாட்ஸ்அப் அனுப்பியது எப்போது? ஹெராயின் பழக்கம் என்றால் முன்பே சொன்னதை நினைவில் வையுங்கள். பழைய அளவு இப்போது உயிரை எடுக்கும்.

நான் மனைவி. அவர் பாட்டிலைத் தேடிக் கொட்டுவதும் சண்டை போடுவதுமாகவே என் காலம் போகிறது.

கொட்டினால் இன்னொன்று வாங்குவார், அந்தப் பணமும் உங்கள் வீட்டுப் பணம்தான். குடித்திருக்கும்போது பேசிப் பிரயோசனம் இல்லை. காலையில், தெளிந்திருக்கும்போது, சுருக்கமாகப் பேசுங்கள். முதலாளிக்குப் போன் செய்து "அவருக்குக் காய்ச்சல்" என்று சொல்வதை நிறுத்துங்கள். அவர் கடனை நீங்கள் அடைக்காதீர்கள். சாப்பாடு போடுங்கள், சேர்ந்து டாக்டரிடம் போங்கள், ஆனால் குடியின் விளைவை அவரிடமிருந்து மறைக்கிற வேலை இனி உங்களுக்கு வேண்டாம்.

அவர் நிறுத்தினாலும் நிறுத்தாவிட்டாலும் உங்களுக்கென்று ஆல்-அனான் கூட்டம் உண்டு. அவர் வராவிட்டாலும் நீங்கள் போகலாம்.

அடிக்கிறார் என்றால் பேச்சே வேறு. அதற்குக் குடி சாக்கு ஆகாது. 1998இன் குடும்ப வன்முறைச் சட்டப்படி மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் பாதுகாப்பு ஆணை வாங்கலாம். 24 மணி நேர உதவி எண் 0800 428 428. "குடித்தால்தான் அடிப்பார், மற்றபடி தங்கமான மனுஷன்" என்று சொல்லிக்கொண்டு காத்திருக்காதீர்கள் அம்மா.

பெண்கள் யாரும் உங்கள் கூட்டத்துக்கு வருவதில்லையா?

வருகிறார்கள், தாமதமாக வருகிறார்கள். ஆண் குடித்தால் "என்ன செய்ய" என்கிற ஊர், பெண் குடித்தால் வேறு மாதிரிப் பேசுகிறது. அதனால் பலருக்கு அது சத்தமில்லாத பழக்கம்: கொடீன் கலந்த தலைவலி மாத்திரை, இருமல் மருந்து, தூக்க மாத்திரை. வாசனை வராது, கைப்பையில் இருந்தால் யாரும் கேட்கமாட்டார்கள். கொடீனும் ஹெராயினும் ஒரே குடும்பம்தான். நிறுத்தினால் அதே நோவு வரும், அளவாக வரும். பல வருஷம் தினமும் போட்ட தூக்க மாத்திரையைத் திடீரென நிறுத்தினால் வலிப்பு வரலாம், டாக்டர் சொல்லிப் படிப்படியாகத்தான் குறைக்க வேண்டும்.

கேசினோவும் இதில் சேர்த்தியா?

சேர்த்திதான். பென்ஷன் வந்த அன்றைக்கு சிபாயாவுக்கோ சன்கோஸ்ட்டுக்கோ பஸ் ஏறும் ஆயாக்களைப் பார்த்தாலே தெரியும். சூதாட்டத்துக்கு இலவச உதவி எண் 0800 006 008. உங்களை உள்ளே விடக்கூடாது என்று நீங்களே எழுதிக் கொடுக்கவும் வழி உண்டு.

காவடி எடுப்பதாக முருகனிடம் வேண்டிக்கொண்டால் விட்டுவிடலாமா?

பலருக்கு அதுதான் தொடக்கம். தைப்பூசத்துக்கு முன் பத்து நாள் விரதம், தினமும் கோயில், கூட நாலு பேர், மஞ்சள் துணி. கையில் டம்ளரை எடுக்க மனமே வராது. காவடி இறக்கிய மறுநாள்தான் பிரச்சினை. அதனால் கோயிலோடு உள்ள பிடிப்பை அதோடு விடாதீர்கள். அன்னதானச் சமையலுக்கு வாருங்கள், பஜனையில் உட்காருங்கள், இசிப்பிங்கோ மாரியம்மன் கோயில் ஈஸ்டர் திருவிழாவுக்குக் கூட்டத்தை ஒழுங்குபடுத்த ஆள் தேவைப்படும்.

"சாகும்வரை தொடமாட்டேன்" என்று சத்தியம் செய்ய வேண்டாம் என்றும் சொல்வோம். உடைந்தால் குடித்த குற்றத்தோடு சாமியை ஏமாற்றிய குற்றமும் சேர்ந்து அழுத்தும், அந்தப் பாரத்துக்கே மறுபடி குடிப்பார்கள். இன்று ஒரு நாள் என்று வேண்டிக்கொள்ளுங்கள். நாளைக்குக் காலையில் மறுபடி வேண்டிக்கொள்ளலாம். குடியிலிருந்து மீள ஏஏ சொல்லும் 12 படிகளில் சிலவற்றில் கடவுள் வருகிறார், ஆனால் எந்தக் கடவுள் என்று யாரும் கேட்பதில்லை. முருகனை நினைத்து உட்காருபவரும், சர்ச்சுக்குப் போகிறவரும், எதையும் நம்பாதவரும் ஒரே வரிசையில்தான் உட்காருகிறார்கள்.

விட்டு ஒரு மாதம் ஆகிறது. நல்லா இருக்கும் என்றீர்கள், எனக்கு எரிச்சலும் அலுப்பும்தான். எப்போது சரியாகும்?

உடம்பு முந்திக்கொள்ளும், மனசு பின்னால் வரும். ஈரலில் சேர்ந்த கொழுப்பு சில வாரத்திலேயே குறையத் தொடங்கும். தூக்கம் சரியாக மாதக்கணக்கு ஆகலாம். குலோப் ஜாமூன் மேல் திடீரென்று ஆசை வரும், சாப்பிடுங்கள் (சர்க்கரை நோய் இருந்தால் மட்டும் பார்த்து). எரிச்சல் வருவதற்குக் காரணம், இத்தனை வருஷம் குடி மூடி வைத்திருந்ததெல்லாம் இப்போது வெளியே வருகிறது: கடன், அண்ணன் தம்பி சண்டை, அப்பாவிடம் சொல்லாமல் விட்டது. மனம் மிகவும் சோர்ந்து, சாகலாம்போல் தோன்றினால் அன்றைக்கே டாக்டரைப் பாருங்கள். மனச்சோர்வுக்குத் தனியாக மருந்து உண்டு. குடி ஆசையைக் குறைக்கவும் நால்ட்ரெக்சோன், அகாம்ப்ரோசேட் என்று மருந்துகள் இருக்கின்றன. அதைக் கேட்பது கோழைத்தனம் ஆகாது.

பிள்ளைகள் உடனே ஓடிவந்து கட்டிக்கொள்வார்கள் என்று எதிர்பார்க்காதீர்கள். அவர்கள் முன்பும் உங்கள் வாக்கைக் கேட்டிருக்கிறார்கள். சனிக்கிழமை கால்பந்துக்குக் கூட்டிப் போகிறேன் என்றால் சனிக்கிழமை போய் நில்லுங்கள். அடுத்த சனிக்கிழமையும்.

முதல் தடவை கூட்டத்துக்கு வரப்போகிறேன். உள்ளே என்ன நடக்கும்?

பிளாஸ்டிக் நாற்காலி வட்டமாக இருக்கும், டீ இருக்கும், யாராவது சமோசா கொண்டுவந்திருப்பார்கள். ஒருவர் பின் ஒருவராகப் பேசுவோம். நீங்கள் பேச வேண்டியதில்லை, முழுப் பெயரும் சொல்ல வேண்டியதில்லை. தெரிந்த முகம் ஒன்று இருக்கும், அதற்குத் தயாராக வாருங்கள். உங்களைப் பார்த்து அவருக்கும் அதே சங்கடம்தான். ஏஏவில் திறந்த கூட்டம், மூடிய கூட்டம் என்று இரண்டு வகை உண்டு. மனைவியையோ அண்ணனையோ அழைத்துவருவதென்றால் திறந்த கூட்டமா என்று முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். எங்கள் மண்டபத்துக்கு யாரையும் அழைத்து வரலாம். அன்றைக்குக் குடித்திருந்தாலும் வாருங்கள், யாரும் வெளியே அனுப்பமாட்டோம். வண்டியை மட்டும் வீட்டில் விட்டுவிட்டு வாருங்கள், திரும்பிப் போகும்போது யாராவது கொண்டுபோய் இறக்கிவிடுவோம்.